லாரிக் கணக்கு

ஜனவரி 6, திங்கள்

தேங்காய் நார் கம்பெனிக்காரர் புது வருஷத்துக்கு டைரி கொடுத்துவிட்டுப் போனார். நான் வேலை பார்க்கும் லாரி எடை மேடைக்குத் தினமும் லோடு அனுப்புகிறவர். போன வருஷமும் கொடுத்தார், ஆகஸ்ட் வரை எழுதினேன். செப்டம்பரில் எனக்குக் கல்யாணம். அதற்குப் பிறகு எழுத நேரமில்லை என்று சொல்லிக்கொண்டேன். உண்மையில் என்ன எழுதுவது என்று தெரியவில்லை. நாற்பத்து மூன்று வயதில் ஒருவனுக்கு முதல் கல்யாணம் நடந்து, மனைவியோடு பதிமூன்று வயதுப் பெண்ணும் வீட்டுக்கு வந்தால் அவன் எதை முதலில் எழுதுவான்?

ஆட்களை எழுதிவிடுகிறேன். மனைவி கோகிலவாணி. பொள்ளாச்சியில் ஒரு பல் டாக்டரிடம் டோக்கன் போடும் வேலை, வீடு வர ஏழரை ஆகும். மகள் மிதுனா, எட்டாவது. அவள் அப்பா மோகனசுந்தரம் அவளுக்கு எட்டு வயதாக இருக்கும்போது உடம்பு சரியில்லாமல் இறந்துவிட்டார். பள்ளிக்கூடம் மேடைக்கு நேரே, ரோட்டின் எதிர்ச் சாரியில்தான். நாலரைக்கு நேராக இங்கே வந்து, பிரிண்டருக்குப் பக்கத்து மேசையில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். ஏழு மணிக்கு இருவரும் என் வண்டியில் கிளம்புவோம்.

நான்கு மாதமாகிறது. அவள் என்னை எதுவும் சொல்லிக் கூப்பிட்டதில்லை. எங்கள் பக்கத்துப் பேச்சில் அது ஒரு வசதி. கடைசியில் 'ங்க' போட்டால் போதும், முறை சொல்ல வேண்டியதில்லை. "தண்ணி வேணுங்க." "முடிஞ்சுதுங்க." "போலாங்க." நானும் கேட்கவில்லை. முறை என்ன கேட்டு வாங்குகிற பொருளா?

ஆள் முப்பத்தாறு கிலோ இருப்பாள். புத்தகப் பை தனியாக ஐந்து. எனக்கு யாரைப் பார்த்தாலும் எடைதான் முதலில் தெரியும். பத்தொன்பது வருஷப் பழக்கம்.

ஜனவரி 19, ஞாயிறு

மிதுனாவின் அத்தை தாராபுரத்திலிருந்து வந்திருந்தார்கள். மோகனசுந்தரத்தின் அக்கா. எழுபத்தெட்டு கிலோ. குறை சொல்ல முடியாத மனுஷி. காப்பி குடித்துவிட்டு மெதுவாக ஆரம்பித்தார்கள்.

"தம்பி, தப்பா எடுத்துக்காதீங்க. ஒம்பதாவதுக்குப் பாப்பா அங்க வந்து படிக்கட்டுங்க. அவங்கப்பன் கட்டுன ஊடு இருக்குது. எங்கூட்டுப் புள்ளைங்களோட ஒரு புள்ளையா இருந்துட்டுப் போறா. உங்க மேல ஒண்ணும் கொறை இல்லீங்க."

கோகிலாதான் பதில் சொன்னாள். "புள்ள சொல்லோணும் அண்ணி. பரீட்சை முடியட்டும். லீவுல பத்து நாள் அங்க வந்து இருந்து பாக்கட்டும். அப்பறம் அவ என்ன சொல்றாளோ அதுதான்."

என்னையும் கேட்டார்கள். "பாப்பா இஷ்டமுங்க" என்றேன். மிதுனா கதவோரம் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். நான் சொன்னபோது என்னைப் பார்த்தாளா என்று தெரியவில்லை. நான் டம்ளரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நியாயமான பேச்சுதான். சொந்த அப்பா கட்டிய வீடு, சொந்த அத்தை. எனக்கு இதில் ஒன்றும் இல்லை. அவர்கள் போனதும் மேடைக்கு வந்து, தராசின் இரும்புப் பலகையைச் சுத்தமாகக் கூட்டினேன். இன்று ஞாயிற்றுக்கிழமை, மேடைக்கு விடுமுறை என்பது பிறகுதான் நினைவுக்கு வந்தது.

பிப்ரவரி 3, திங்கள்

இன்று ஒரு விஷயம் தெரிந்தது. எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன்.

மாலையில் லோடு இல்லை. மிதுனா வாக்கியக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். நான் எட்டிப் பார்த்தேன். 'ஓர் எண்ணின் மூன்று மடங்குடன் ஏழைக் கூட்டினால் முப்பத்து நான்கு கிடைக்கிறது. அந்த எண் யாது?'

"புக்குல தப்பா அச்சடிச்சிருக்கான் பாப்பா" என்றேன். "ஒண்ணோட மூணு மடங்கு மூணு. ஏழு கூட்டுனாப் பத்து. முப்பத்து நாலு எப்பிடி வரும்?"

அவள் தலையைத் தூக்கினாள். "ஒண்ணு எங்கீங்க இருக்குது?"

"இதா. 'ஓர் எண்'ணுன்னு போட்டிருக்குதே."

புத்தகத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். பிறகு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். ஐந்து மாதத்தில் என்னைப் பார்த்து அவள் சிரித்தது இதுதான் முதல் தடவை. "ஓர் எண்ணுன்னா ஒண்ணு இல்லீங்க! ஏதோ ஒரு எண்ணு. நமக்குத் தெரியாத எண்ணு. அதத்தான் கண்டுபுடிக்கோணும்."

பத்தாவதில் கணக்கில் நான் முப்பத்தொன்று. பாஸாக நான்கு மார்க் குறைவு. புத்தகத்தில்தான் தப்பு என்று இருபத்தேழு வருஷமாக நம்பிக்கொண்டிருந்தேன்.

அவள் நாற்காலியை என் பக்கம் திருப்பிப் போட்டுக்கொண்டு சொல்லிக் கொடுத்தாள். தெரியாததற்கு எக்ஸ் என்று பெயர் வைக்க வேண்டுமாம். எக்ஸை ஒரு பக்கம் விட்டுவிட்டு மற்றதையெல்லாம் அந்தப் பக்கம் தள்ள வேண்டுமாம். அந்த நேரம் பார்த்துத் தேங்காய் லாரி ஒன்று மேடை ஏறியது. லோடோடு 15,820. வெறும் வண்டி 6,240 என்று காலையிலேயே எடை போட்டிருந்தேன். கழித்து, சரக்கு 9,580 என்று சீட்டு அடித்தேன்.

"அப்ப சரக்குதாங்க எக்ஸு" என்றாள் மிதுனா, திரையைப் பார்த்தபடி. "தெனமும் சமன்பாடுதான் போட்டுட்டிருக்கறீங்க."

முப்பத்தொன்று மார்க் வாங்கியவனிடம் இதை யாராவது அன்றே சொல்லியிருக்கலாம்.

பிப்ரவரி 5, புதன்

இன்றும் போட்டோம். ஆறு கணக்கில் எனக்கு நான்கு சரி. ஒன்றில் அரை மார்க் பிடித்துக்கொண்டாள். "வெறும் அம்பதுன்னு எழுதுனா என்னன்னுங்க அர்த்தம்? அம்பது கிலோவா, அம்பது ஆடா? அலகு போடோணுமுங்க. அலகு போடலீன்னா எங்க மிஸ்சு அரை மார்க்கக் கொறைச்சுருவாங்க."

எடை மேடைக்காரனுக்கு அலகு சொல்லித் தருகிறாள். சரி என்று கேட்டுக்கொண்டேன்.

பிப்ரவரி 20, வியாழன்

கணக்குப் பரீட்சையில் அவளுக்கு இருபதுக்குப் பதினொன்று. எனக்கே சொல்லிக் கொடுக்கிறவள் பதினொன்று எப்படி வாங்குவாள்? அவள் தண்ணீர் பிடிக்கப் போனபோது தாளைப் புரட்டினேன். போட்ட கணக்கெல்லாம் சரி. மூன்று கணக்கைத் தொடவே இல்லை. வீட்டுப்பாட நோட்டையும் எடுத்துப் பார்த்தேன். அங்கேயும் நடுநடுவே வெறும் எண் மட்டும் போட்டு, இடத்தைக் காலியாக விட்டிருக்கிறாள். டீச்சர் சிவப்பு மையில் 'விடுபட்டவை எங்கே?' என்று இரண்டு இடத்தில் கேட்டிருக்கிறார்.

புத்தகத்தை எடுத்து, விட்டுப்போன கணக்குகளை ஒவ்வொன்றாகப் படித்தேன். 'தந்தையின் வயது மகளின் வயதைப் போல் நான்கு மடங்கு.' 'தந்தைக்கும் மகனுக்கும் வயது வித்தியாசம் இருபத்தாறு.' 'ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு தந்தையின் வயது.' ஐந்து கணக்கு. ஐந்திலும் தந்தை.

அவள் அப்பாவுக்கு வயது ஏறுவது நின்று ஐந்து வருஷமாகிறது. அவளை உட்கார வைத்து, ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு தந்தையின் வயது யாது என்று புத்தகம் கேட்கிறது.

அவள் வருவதற்குள் எல்லாவற்றையும் இருந்தபடியே வைத்துவிட்டேன்.

பிப்ரவரி 21, வெள்ளி

காலையில் லோடுக்கு நடுவே ஒரு வேலை செய்தேன். அச்சுத் தப்பிப்போன எடைச் சீட்டுகள் ஒரு கட்டு இருக்கிறது, பின்பக்கம் வெள்ளை. அதில் அந்த ஐந்து கணக்குகளையும் மாற்றி எழுதினேன். தந்தை வருகிற இடத்தில் லாரி. மகள், மகன் வருகிற இடத்தில் டெம்போ. வயது வருகிற இடத்தில் எடை. 'ஒரு லாரியின் எடை ஒரு டெம்போவின் எடையைப் போல் நான்கு மடங்கு. இரண்டும் சேர்ந்து பத்து டன். எனில் லாரியின் எடை யாது?' புத்தகத்தில் இருவர் வயதும் சேர்ந்து ஐம்பது. அப்படியே விட்டால் டெம்போ பத்து டன் ஆகிவிடும். பத்து டன் டெம்போ உலகத்தில் கிடையாது. அதனால் எண்ணையும் மாற்றினேன். இதில் மட்டும் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

மாலையில் சீட்டுகளை அவள் மேசையில் வைத்துவிட்டு, "இதுல எனக்குச் சந்தேகம் பாப்பா" என்றேன்.

படித்தாள். புத்தகத்தைத் திறந்து பார்த்தாள். மறுபடியும் சீட்டைப் பார்த்தாள். தலையைக் குனிந்துகொண்டு ஐந்தையும் போட்டாள். "லாரி எட்டு டன்னு, டெம்போ ரெண்டு டன்னுங்க" என்றாள். நான் பிரிண்டருக்குக் காகிதம் மாட்டப் போய்விட்டேன். காகிதம் ஏற்கெனவே இருந்தது.

பிப்ரவரி 27, வியாழன்

நோட்டில் காலி இடமெல்லாம் நிரம்பிவிட்டது. புத்தகத்திலிருந்து நேராகவே போட்டிருக்கிறாள். நான் கேட்காமலே சொன்னாள்: "தந்தைன்னு வந்தா மனசுக்குள்ள லாரின்னு படிச்சுக்கறனுங்க."

மார்ச் 11, செவ்வாய்

இன்று நான் ஒரே கணக்கை மூன்று தடவை தப்பாகப் போட்டேன். பேனாவைக் கீழே வைத்தபோது மிதுனா சொன்னாள், "எங்கப்பாவுக்குக் கணக்கு நல்லா வருமுங்க."

அவள் என்னிடம் அவரைப் பற்றிப் பேசியதே இல்லை. "எனக்கு வராது" என்றேன்.

"தெரியுமுங்க" என்றாள், ரொம்ப இயல்பாக. பிறகு, "ஆனா நீங்க தப்பாப் போட்டா ஓடிப்போறதில்லீங்க, மறுக்காப் போடறீங்க" என்றாள்.

வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் அதையே நினைத்துக்கொண்டு வண்டி ஓட்டினேன். எங்கள் தெரு திரும்புகிற இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன். "வூடு போயிருச்சுங்க" என்று பின்னாலிருந்து சொன்னாள்.

ஏப்ரல் 9, புதன்

முழு ஆண்டுக் கணக்குப் பரீட்சை. ரோட்டைத் தாண்டி ஓடிவந்தாள். "தந்தை ரெண்டு வந்துச்சுங்க. ரெண்டையும் எடை போட்டுட்டேன்!"

ஏப்ரல் 26, சனி

மிதுனாவைத் தாராபுரம் பஸ் ஏற்றிவிட்டேன். கோகிலா கொண்டுபோய் விட்டுவிட்டு நாளை திரும்பிவிடுவாள். பத்து நாள் கழித்து மிதுனா என்ன சொல்கிறாளோ அதுதான் முடிவு.

பஸ் ஸ்டாண்டில் பையை நான்தான் தூக்கினேன். ஒன்பது கிலோ. பத்து நாளைக்குத் துணிமணி நான்கு கிலோவுக்கு மேல் வராது. மீதி ஐந்து கிலோ என்ன? இருக்கிற துணியெல்லாம் எடுத்துப் போகிறாளா? கேட்க வாய் வந்தது, கேட்கவில்லை. பாப்பா இஷ்டம் என்று சொன்னவன் நான்தானே.

பஸ் கிளம்பும்போது ஜன்னலில் தலையை நீட்டினாள். "மிஸ்சு லீவுக்கு ஆளுக்கொரு வாக்கியக் கணக்கு நாங்களே எழுதோணும்னாங்க. என்னோடத சீட்டுக் கட்டுல வெச்சிருக்கறனுங்க. போட்டுப் பாருங்க."

தலையாட்டினேன். பஸ் போன பிறகும் கொஞ்ச நேரம் தலையாட்டிக்கொண்டிருந்தேன் என்று நினைக்கிறேன். பக்கத்தில் பூக்காரம்மா ஒரு மாதிரி பார்த்தார்.

ஏப்ரல் 28, திங்கள்

சீட்டுக் கட்டில் நான்காவதாக இருந்தது. அப்படியே இங்கே எழுதிக்கொள்கிறேன்:

'ஒரு லாரி, ஒரு டெம்போ. டெம்போவின் மூன்று மடங்குடன் நான்கைக் கூட்டினால் லாரி. லாரியையும் டெம்போவையும் கூட்டினால் ஐம்பத்து ஆறு. எனில் லாரி எவ்வளவு?'

டெம்போவை எக்ஸ் என்று வைத்தேன். லாரி, மூன்று எக்ஸோடு நான்கு. இரண்டையும் கூட்டினால் நான்கு எக்ஸோடு நான்கு, அது ஐம்பத்தாறு. நான்கைக் கழித்தால் நான்கு எக்ஸ் ஐம்பத்திரண்டு. டெம்போ பதிமூன்று. லாரி நாற்பத்து மூன்று. முதல் தடவையிலேயே சரியாக வந்தது.

ஆனால் கணக்கு தப்பு. பதிமூன்று டன் ஏற்றினால் டெம்போவின் அச்சு முறிந்துவிடும். நாற்பத்து மூன்று டன் லாரியை இந்த மேடையில் நான் ஏற்றியதே இல்லை. ஏழு மாதம் என் பக்கத்தில் உட்கார்ந்து, ஏறி இறங்கிய வண்டியையெல்லாம் பார்த்தவள் எழுதுகிற கணக்கா இது? 'எடை' என்ற சொல்லே இல்லை. எனக்குப் பாடம் நடத்தியவள் அலகும் போடவில்லை. சிவப்புப் பேனாவை எடுத்து 'அலகு எங்கே? டெம்போ 13 டன் ஏற்றாது' என்று சீட்டிலேயே எழுதினேன்.

எழுதிய பிறகு கோபம் போய்விட்டது, வருத்தம் மட்டும் நின்றது. போகிற அவசரத்தில் எழுதியிருப்பாள். மனசு தாராபுரத்தில் இருந்திருக்கும். போகிறவளுக்கு லாரி எத்தனை டன் இருந்தால் என்ன?

ஏப்ரல் 29, செவ்வாய்

லோடு இருபத்தாறு. வீட்டில் கோகிலா மூன்று பேருக்குச் சாதம் வடித்துவிட்டாள்.

மே 2, வெள்ளி

நாலரைக்கு எதிர்ச் சாரியைப் பார்க்கிற பழக்கம் போகமாட்டேன் என்கிறது. பள்ளிக்கூடத்தில் பூட்டு தொங்குகிறது. அது தெரிந்தும் பார்க்கிறேன். அவள் தாராபுரத்திலேயே படிக்கிறேன் என்று சொல்லிவிட்டால் நான் தாங்கமாட்டேன். இதை யாரிடமும் சொல்ல முடியாது, அதனால் இங்கே எழுதுகிறேன். அவள் இங்கேயே இருக்க வேண்டும்.

மே 3, சனி

லாரி டிரைவர்களுக்காக மேடையில் இன்று இலவசக் கண் பரிசோதனை. என்னையும் வரிசையில் நிறுத்தினார்கள். நோட்டோடு உட்கார்ந்திருந்த பெண் பேரைக் கேட்டாள். சென்னியப்பன் என்றேன். "வயசுங்க?" என்றாள்.

"நாப்பத்தி மூணு."

சொன்னேன். சொல்லிவிட்டு அப்படியே நின்றேன்.

"எந்த ஊருங்க?" என்று அவள் இரண்டு தடவை கேட்டிருக்கிறாள். பின்னால் நின்ற டிரைவர் என் தோளைத் தட்டினார். நான் வரிசையை விட்டு அறைக்கு ஓடினேன். சீட்டுக் கட்டைப் பிரித்து அந்தக் கணக்கை எடுத்தேன்.

லாரி நாற்பத்து மூன்று. டெம்போ பதிமூன்று. எனக்கு நாற்பத்து மூன்று. அவளுக்குப் பதிமூன்று.

அலகை அவள் மறக்கவில்லை. அது டன் இல்லை, ஆண்டு. எழுதினால் தெரிந்துவிடும் என்று விட்டிருக்கிறாள். தந்தை என்று வருகிற இடத்திலெல்லாம் லாரி என்று படித்துக்கொள்கிற பெண் அவள். அவள் லாரி என்று எழுதினால் நான் என்ன என்று படித்திருக்க வேண்டும்? அச்சு முறியும் என்று எழுதி வைத்திருக்கிறேன், முட்டாள்.

அறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். மறைக்க என்ன இருக்கிறது, நன்றாகவே அழுதேன். வெளியே வந்தபோது டிரைவர்கள் யாரும் எதுவும் கேட்கவில்லை. டாக்டர் கண்ணில் மருந்து விட்டிருப்பார் என்று நினைத்துக்கொண்டார்கள்.

மே 6, செவ்வாய்

பஸ் பதினொன்றரைக்கு வந்தது. முதலில் அத்தை இறங்கினார்கள், பின்னால் மிதுனா. நான் கையை நீட்டிப் பையை வாங்கினேன். நான்கு கிலோ.

"போகும்போது கனமா இருந்துச்சே" என்றேன். என்னால் அடக்க முடியவில்லை.

"கோகிலா எட்டுத் தேங்கா வெச்சு உட்டிருந்தாளுங்க தம்பி" என்றார்கள் அத்தை. "தேங்காயா இல்லாத ஊரு?" சிரித்துவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்கள். "நானும் கேட்டுப் பாத்துட்டனுங்க. லீவுக்கு வர்றேன், படிப்பு உங்க ஊருலதான்னு முடிவாச் சொல்லிப்போட்டா. அவங்கப்பன் மாதிரியே புடிவாதம். லீவுக்கு லீவு அனுப்பி வெச்சுருங்க."

"நானே கூட்டிட்டு வர்றனுங்க அக்கா" என்றேன். அத்தைக்கு ஆட்டோ வைத்து வீட்டுக்கு அனுப்பினேன். கோகிலா சமைத்து வைத்துக் காத்திருந்தாள். மேடையில் ஒரு கையெழுத்துப் பாக்கி இருந்ததால் நானும் மிதுனாவும் வண்டியில் மேடைக்கு வந்தோம்.

அறைக்குள் வந்ததும் தன் நாற்காலியில் உட்கார்ந்தாள். "கணக்குப் போட்டீங்களா?"

சீட்டை எடுத்துக் கொடுத்தேன். என் சிவப்பு எழுத்தைப் படித்தாள். அழப் போகிறாள் என்று பயந்தேன். சிரித்துவிட்டாள். "டெம்போ பதிமூணு டன்னு ஏத்தாதுங்களா?"

"ஏத்தாது" என்றேன். "நான்தான் தப்பாப் படிச்சுட்டேன். மறுக்காப் போடட்டுமா?"

"போடுங்க."

என் சிவப்பு எழுத்தை அடித்துவிட்டு, கீழே எழுதினேன். 'விடை: டெம்போ 13 ஆண்டுகள். லாரி 43 ஆண்டுகள்.'

சீட்டைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டாள். சிவப்புப் பேனாவை என் கையிலிருந்து வாங்கினாள். விடையில் லாரி என்ற சொல்லின் குறுக்கே ஒரு கோடு போட்டாள். அதன் மேலே, புத்தகத்தில் இருக்கிற மாதிரியே, 'தந்தை' என்று எழுதினாள். எழுத்து ஒன்றும் கோணவில்லை. பக்கத்தில் சரி போட்டுக் கொடுத்தாள்.

வெளியே தேங்காய் லாரி ஒன்று மேடையில் ஏறி நின்று ஹாரன் அடித்தது. எடை போட்டு அனுப்பினேன். எத்தனை கிலோ என்று இப்போது நினைவில்லை.

"அம்மா சோத்தப் போட்டு வெச்சுட்டுப் பாத்துட்டிருப்பாங்க" என்றாள் மிதுனா. "போலாங்க."

சீட்டை இந்தப் பக்கத்தில் வைத்து டைரியை மூடுகிறேன். வண்டிச் சாவி அவள் கையில் இருக்கிறது.